தீட்டுக் கழிக்காத வீடு

1956, நவம்பர் 12, திங்கள்

விடாத மழை. துணி எதுவும் காயவில்லை. வக்கீலின் கறுப்புக் கோட்டு அடுப்பங்கரைக் கொடியில். (இனி வ. என்றே எழுதுகிறேன். கணவர் பெயரை எழுதக் கை வரமாட்டேன் என்கிறது.) கோட்டில் இரண்டாவது பொத்தான் காணோம். வாங்க வேண்டியது: பொத்தான், சீரகம், விளக்குத் திரி.

காலையில் கீரனூர்ப் பக்கத்திலிருந்து பொன்னி என்று ஒருத்தி. நனைந்தபடி தெருவில். "உள்ள வாங்க" என்றேன்.

"இங்கிட்டே நிக்கிறேன் ஆத்தா."

புருஷன் சின்னான் சப்-ஜெயிலில். டீக்கடையில் மற்றவர்களுக்குச் சமமாகப் பெஞ்சில் உட்கார்ந்தானாம். அடுத்த வாரமே, பண்ணையார் வீட்டு நடு அறையில் புகுந்து வெள்ளிச் செம்பைத் திருடினான் என்று வழக்கு.

"திருட்டுப் பட்டம் விழுந்துட்டா எந்த வயக்காட்டுலயும் சேக்க மாட்டாங்க ஆத்தா."

தலையில் போட்டுக்கொள்ள ஒரு சாக்கு கொடுத்தேன். அதை மட்டும் வாங்கிக்கொண்டாள்.

நவ. 14, புதன்

டீக்கடைப் பெஞ்சு பற்றி வ. ஒரு வாரப் பத்திரிகைக்குக் கட்டுரை. கோழி கிளறிய கையெழுத்து. நகல் எடுப்பது நான். 'சமம்' என்று எழுதும் இடத்தில் எல்லாம் பேனா அழுந்தி, தாள் ஓட்டை.

நவ. 18, ஞாயிறு

வானம் கொஞ்சம் வெளுப்பு. சாப்பாட்டு நேரத்தில் ஒத்திகை. நான் பண்ணையார். என்னைக் குறுக்கு விசாரணை செய்யாமல் இந்த மனிதருக்கு ரசம் இறங்காது.

"சின்னானை நடு அறையில பாத்தீங்களா?"

"கண்ணால பாத்தேன்."

"அப்புறம் என்ன செஞ்சீங்க?"

"என்ன செய்வேன்? வீடு பூரா கழுவி, சாணி தெளிச்சு, ஐயரக் கூப்பிட்டுத் தீட்டுக் கழிச்சேன்."

பிறந்த வீட்டுப் பழக்கம், வாயில் தானாக வந்துவிட்டது. அங்கே, சேரி ஆட்கள் கொல்லைக் கதவைத் தொட்டாலே அண்டாத் தண்ணீரைக் கொட்டுவார்கள். சொன்ன பிறகு உடம்பு கூசியது.

வ. சோற்றில் கை வைத்தபடி என்னையே பார்த்தார். "மீனா, நீதான் என் சீனியர்." ஒன்றும் புரியவில்லை. பிடித்திருந்தது.

நவ. 20, செவ்வாய்

பொத்தான் தைத்தாயிற்று. வெள்ளை நூல். யார் பார்க்கப்போகிறார்கள்.

மாலை: விடுதலை!

வ. தோளில் துண்டைப் போட்டுப் பண்ணையாராக நடித்துக் காட்டினார். கேட்டது ஒரே கேள்வியாம்: "அவன் உள்ள வந்தான்னு சொல்றீங்களே, தீட்டுக் கழிச்சீங்களா? இல்லேன்னா ஒங்க வீட்டுல சம்பந்தக்காரங்க கை நனைப்பாங்களா?"

பண்ணையார் கூண்டிலேயே துள்ளினாராம். "யாரு வீட்டப் பத்திப் பேசுறீங்க? அவன் எங்க வாசப்படிய ஒருநாளும் மிதிச்சதில்ல! மிதிக்க விட்டுருவோமா?"

அதோடு வழக்கு உடைந்ததாம். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். வ. சிரிக்கவில்லை.

"அவனை விடுவிச்சது அந்த ஆளோட கர்வம். நான் இல்ல."

இரண்டு தோசையோடு எழுந்துவிட்டார். இப்படி ஒரு மனிதர். மனசு நிறைந்து அழுகை வந்தது.

நவ. 21, புதன்

மழை விட்டது. தெரு முழுக்கச் சேறு. சின்னானும் பொன்னியும் வந்தார்கள். ஒரு சீப்பு வாழைப்பழம், மடித்த என் சாக்கு. இருவரும் தெருவிலேயே.

சின்னான் மெதுவாகக் கேட்டார். "ஐயா, படிய மிதிக்கலங்கிறதாலதானே என்னய விட்டாங்க. நாளைக்கு மிதிச்சா?"

வ. கோட்டுப் பொத்தானைத் திருகியபடி நின்றார். எனக்குப் பொறுக்கவில்லை.

"காப்பி ஆறுது. மொதல்ல இந்தப் படிய மிதிங்க."

பொன்னி என்னைப் பார்த்தாள். சாக்கை வாசலில் விரித்தாள். சேற்றுக் காலைத் துடைத்துக்கொண்டு ஏறினாள்.