அத்தானின் கல்வெட்டில் பதினான்கு கோடைகள்

என்றைக்கும் ஓடிவந்துகொண்டே இருக்கிற என் அன்பு அத்தானுக்கு,

போன ஞாயிறு ஈஸ்ட் ஹாம் மண்டபத்தில் உங்கள் முப்பத்தோராம் நாள் நினைவு நடந்தது. வடைக்கு உப்புக் கூடிவிட்டது. நீங்கள் இருந்திருந்தால் மூன்று சாப்பிட்ட பிறகுதான் குறை சொல்லியிருப்பீர்கள். ஆனால் நான் எழுத வந்தது வடையைப் பற்றி அல்ல, நான் செய்த களவைப் பற்றி.

அன்றைக்கு வந்தவர்களுக்குக் கொடுக்கும் கல்வெட்டு என்கிற நினைவுப் புத்தகத்தில் உங்கள் வாழ்க்கையை எழுதும் வேலையை என்னிடம் தந்தார்கள். இலவசப் பத்திரிகையில் பகிடி எழுதுகிறவனை நம்பிய குடும்பம் நம்முடையது. நான் ஒழுங்காகத்தான் எழுதினேன். பிறப்பு, படிப்பு, தபால் பிரிக்கும் வேலை, என் அக்காவைக் கட்டியது, கோயில் நிர்வாகம். பிறகு ஒரு முழுப் பக்கம், லண்டனுக்கு வடக்கே ஒரு மைனர் கவுண்டி கிரிக்கெட் அணிக்காக நீங்கள் பதினான்கு கோடைகள் பந்து போட்டது.

ரெய்னர்ஸ் லேனில் இருக்கும் உங்கள் பெரியண்ணர் அந்தப் பக்கத்தைக் குறுக்கே வெட்டித் திருப்பி அனுப்பினார். பிறகு போனில் வந்தார்.

"முதல்தரக் கவுண்டி எண்டால் போடலாம் தம்பி. இது அதுக்குக் கீழ. சம்பளமும் இல்லை, டிவியிலயும் வராது. சனம் என்ன நினைக்கும்?"

அந்தப் போட்டிகளை நடத்துகிறவர்களே சில வருடங்களுக்கு முன் 'மைனர்' என்ற சொல்லைத் தூக்கி எறிந்துவிட்டார்கள். பெரியண்ணர் மட்டும் அதைப் பொறுக்கி வைத்திருக்கிறார்.

அவருடைய உண்மையான கவலை வேறு. அந்தப் பதினான்கு கோடையும் நீங்கள் வீட்டில் சொன்னது ஓவர்டைம். அவருடைய மகள் பெரியபிள்ளையான சாமத்தியவீட்டுக்கு வராததும் ஓவர்டைம். சித்தப்பா பாவம், வேலையில் மாட்டிக்கொண்டார் என்று அன்று மைக் பிடித்துச் சொன்னவரே அவர்தான். அதே நேரம் நீங்கள் ஒரு கடலோர ஊரில் ஆறாவது விக்கெட்டை எடுத்துவிட்டு எனக்குப் போன் எடுத்தீர்கள். "இண்டைக்குப் பந்து நான் சொல்லுறதைக் கேக்குது மச்சான்." கிரிக்கெட்டில் எனக்கு விளங்குவது தேநீர் இடைவேளை மட்டும். ஆனாலும் அந்தக் குரல் விளங்கியது.

என் பங்கும் சின்னதல்ல. ஆட்டம் முடிந்து ஃபாரஸ்ட் கேட்டில் என் அறைக்கு வந்து வெள்ளைக் காற்சட்டையைக் கழற்றுவீர்கள். பந்தைத் தேய்த்துத் தேய்த்துத் தொடையில் சிவப்பாக ஒரு பட்டை. எந்தத் தபாலைப் பிரித்தாலும் ஒட்டாத சிவப்பு. நான் குளியல் தொட்டியில் போட்டுத் தோய்த்துப் பிழிந்து தர, ஈரத்தோடு கார் டிக்கிக்குள் ஒளிப்பீர்கள். அடுத்த ஆட்டத்துக்குப் போகமுன் என் அறையில் மாற்ற எடுக்கும்போது அது பளிச்சென்று, மடிப்புக் குலையாமல் இருக்கும். என் கைராசி என்று பெருமைப்பட்டேன். அயன் பண்ணுவது நீங்கள் என்றும் நினைத்தேன்.

ஆகவே பெரியண்ணருக்கு ஓம், எடுத்துவிடுகிறேன் என்றேன். அச்சகத்துக்கு வெட்டாத பக்கத்தை அனுப்பினேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். அவர் தன் பட்டம் பதவியெல்லாம் போட்டு எழுதிய இரங்கலுரையையும் தூக்கிவிட்டேன். அட்டையில் கோட்டும் டையும் போட்ட படத்தை எடுத்துவிட்டு, கை வானத்தில், வாய் கோணி, நீங்கள் பந்தை விடுகிற படத்தைப் போட்டேன்.

மண்டபத்தில் அவர் அதைப் பிரித்துப் பார்த்தார். நேரே என்னிடம் வந்தார். சாப்பிட்ட சனம் கையை நிறுத்தியது.

"மனிசியைப் பதினாலு வருசம் ஏமாத்தினவன் எண்டு என்ர தம்பியை அச்சடிச்சுக் குடுக்கிறியோ? அவளை யோசிச்சனியோடா?"

யோசிக்கவில்லை அத்தான். உங்களுக்காகச் சண்டை பிடிக்கிற அவசரத்தில் என் சொந்த அக்காவை மறந்துபோனேன்.

அக்கா வந்து என் கையிலிருந்த கல்வெட்டை வாங்கினா. அந்தப் பக்கத்தைக் கடைசி வரி வரைக்கும் வாசித்தா. பிறகு பெரியண்ணரைப் பார்த்துச் சொன்னா:

"இவன் தோய்ச்சால் சிவப்புப் போகாது. டிக்கிக்குள்ள இருந்து எடுத்துத் திரும்ப நான்தான் தோய்ச்சு, அயன் பண்ணி வைச்சனான். அவராச் சொல்லட்டும் எண்டு இருந்தன். சொல்லேல்லை. இப்ப இதில கிடக்கு. கிடக்கட்டும்."

ஏன் அத்தான் சொல்லவில்லை? சிரிப்பார்கள் என்றா? மடிப்புக் குலையாத காற்சட்டையைப் பார்த்து உங்களுக்கு ஒருநாளும் சந்தேகம் வரவில்லையா, அல்லது வந்துதான் பேசாமல் இருந்தீர்களா?

பெரியண்ணர் போகும்போது ஐந்து கல்வெட்டுகளை எடுத்துக்கொண்டு போனார். ஒளிக்கவா, ஆட்களுக்குக் காட்டவா, தெரியவில்லை.

ஒரு வாக்குத் தருகிறேன். 'ஏதோ கொஞ்சம் பந்து போட்டவர்' என்று உங்களை யார் சொன்னாலும், அவருடைய கல்வெட்டையும் நான்தான் எழுதுவேன். பெரியண்ணருக்கு இப்போதே ஒரு பக்கம் தயார். அவர் இதை வாசிக்கட்டும், உடம்பைப் பார்த்துக்கொள்ளட்டும்.

பதினான்கு கோடை தோய்த்தும் தோய்க்கத் தெரியாத,
உங்கள் மச்சான்