பணம் திரும்பாத குதிரை

என் கோபக்காரத் தம்பிக்கு,

இதை உடனே எழுதாவிட்டால் எனக்குத் தலை வெடித்துவிடும். ஆறு மாதமாக நீ என் போனை எடுக்காததால்தான் கடிதம். அன்றைய பேச்சை இங்கே எடுக்க மாட்டேன்.

அந்தச் சண்டைக்கு அப்புறம், நாம் சேர்ந்து விளையாடிய கேமில் உனக்குக் கவசம், கூடாரம், வெள்ளைக் குதிரை மூன்றையும் காசு கொடுத்து வாங்கி அனுப்பியிருந்தேன். நீ திறக்கவே மாட்டாய் என்று சலித்துப்போய், போன வாரம் ரீஃபண்ட் கேட்டேன். இன்று துணி தைத்துக்கொண்டிருக்கும்போது பதில் வந்தது. இரண்டுக்குப் பணம் வந்துவிட்டது. குதிரைக்குக் கிடையாதாம். "பரிசைப் பெற்றவர் பயன்படுத்திவிட்டார்."

நான் போட்ட கூச்சலில் உன் மாமா ஓடி வந்தார். "பணம் போச்சுன்னு யாராவது இப்படிக் குதிப்பாங்களா?"

ஏறிவிட்டாய் அல்லவா? அப்படியே குதிரையை வீட்டுப் பக்கம் திருப்புடா.

வாயை அடக்கப் பழகிக்கொண்டிருக்கும்
உன் அக்கா