ஈர ஷீட்டில் ஏறிய படம்

இன்று புகைக்கூடத்துப் பக்கமாகப் போனேன். ரப்பர் ஷீட்டுக்குப் போடும் விறகுப் புகை சேலையில் ஏறிக்கொண்டது. வேலை முடிந்து நீங்கள் வரும்போது வீட்டுக்குள் வரும் வாசம். உங்கள் முப்பதாம் நாள் பூசையும் முடிந்துவிட்டது. மூன்றாம் வகுப்புப் படித்தவள் எழுதுகிறேன், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சண்டைக் காலத்தில் ஷீட்டுக்குப் புகை போட்ட நேரம் போக, அரசாங்கத்தைக் கேள்வி கேட்டுப் படம் வரைவீர்கள். பேர் போடாமல் கொழும்புப் பேப்பரில் வரும். அப்படி வரைந்த ஒருவரைப் பிடித்துப் போனார்கள், ஆள் திரும்பவில்லை என்று கேள்விப்பட்ட அன்று, ஏழு மாத வயிற்றோடு உங்கள் முன்னால் வந்து நின்றேன்.

"நிறுத்திருங்க. பொறக்கப்போற புள்ளைக்கு அப்பன் வேணும்."

"இப்பக் கேக்காம விட்டா, நாளைக்கு வயித்துப் புள்ளைக்கும் ஐடென்டி கார்டு கேப்பான், புள்ள."

சொல்லிவிட்டு என் வயிற்றையே பார்த்தீர்கள். மறுநாள் அதுவே படமாகிவிட்டது. சோதனைச் சாவடியில் ஒரு சிப்பாய் குனிந்து, கர்ப்பிணியின் வயிற்றிடம் கார்டு கேட்கிறான். பின்னால் நாற்காலியில் ஒரு பெரிய மனிதர் கைதட்டுகிறார்.

அந்தப் படம் வீட்டில் இருக்கும்போதா பொலிஸ் ஜீப் வரவேண்டும்? நீங்கள் விறகுக்குப் போயிருந்தீர்கள். நான் பின்வழியாகப் புகைக்கூடத்துப் பக்கம் ஓடி, ரோலரில் இருந்து அப்போதுதான் வந்த ஈர ஷீட்டுகளுக்கு நடுவே அதைச் செருகிவிட்டு வந்தேன்.

"உம் புருசன் படம் வரைவானாமே?" என்று சிங்களத்தில் கேட்டார் ஜீப்பில் வந்த பெரிய அதிகாரி.

நானும் சிங்களத்திலேயே சொன்னேன். "ஆமா மாத்தயா. நத்தாருக்குக் கோயில்ல யேசு பொறந்த மாட்டுத் தொழுவம் வரைவாரு."

"மாடு மட்டுந்தானா?"

"கழுதையும் வரைவாரு, மாத்தயா."

கூட வந்த பொலிஸ்காரர் சிரித்துவிட்டார். வீட்டைக் கிளறிப் போட்டுவிட்டுப் போனார்கள்.

நீங்கள் வந்து ஷீட்டைப் பிரித்தால், காகிதம் கூழாகிக் கிடந்தது. மை முழுக்க ரப்பரில் ஏறி, சிப்பாயும் வயிறும் நாற்காலியும் இடம் வலம் மாறி நின்றன. ஈர ஷீட்டில் காகிதம் பட்டால் ஒட்டிக்கொள்ளும் என்று தோட்டத்து லயத்துச் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பயத்தில் எனக்குத் தோன்றவில்லை. திட்டப்போகிறீர்கள் என்று நின்றேன்.

"அடி பாவி, அச்சாபீசே வச்சிட்டியே!"

விழுந்து விழுந்து சிரித்தீர்கள். அந்த ஷீட்டைப் பொடியாக நறுக்கிக் கழிவு ரப்பர் பாலோடு கலந்தோம். படத்தைத் திரும்ப வரைந்து அனுப்பினீர்கள்.

அதற்குப் பிறகு நிறுத்தச் சொல்லி நான் கேட்டதில்லை. ஆனால் உங்களுக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது. படத்தை அனுப்ப நீங்கள் இரத்தினபுரிக்கு பஸ் ஏறும் ஒவ்வொரு நாளும், என்ன நிறச் சட்டை, எந்தப் பொத்தான் மாறியிருக்கிறது என்று பார்த்து மனதில் வைத்துக்கொள்வேன். ஆள் காணாமல் போனால் முதலில் அதைத்தானே கேட்பார்கள்.

சண்டை முடிந்தும் இத்தனை வருசம் இருந்தீர்கள். நெஞ்சுச் சளியில் படுத்து, என் கையைப் பிடித்தபடி போனீர்கள். அழுதேன்தான். ஆனாலும் உங்களுக்கு வெள்ளைச் சட்டையைப் போட்டுப் பொத்தானைப் பூட்டியபோது, இத்தனை வருசமாகப் பிடித்துவைத்திருந்த மூச்சு வெளியே வந்தது. நீங்கள் எங்கே இருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். கோயிலுக்குப் பின்னால் கல்லறையில், இரண்டாவது வரிசை.

மகன் கொழும்புக்குப் புறப்படும்போது மட்டும் இன்னும் சட்டையைப் பார்க்கிறேன். நேற்று நீலக்கோடு.