லுத்மிலா அம்மாவுக்குக் கட்டிய பேனர்

மே 5, திங்கள்
எங்க மலை ஊர் சோளக்காட்டில் ஷூட்டிங். மலையில் இத்தனை ஜீப் இருந்தும் ரஷ்யாவிலிருந்து வந்த நடிகையை ஏற்றிப்போக என்னைத்தான் கூப்பிட்டார்கள். (மற்ற ஜீப்பெல்லாம் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தது. அதை எழுத வேண்டியதில்லை.) பேர் லுத்மிலா. வயசு ஐம்பத்தெட்டு. எழுபது கொண்டை ஊசி வளைவிலும் ஒருதரம்கூட வாந்தி எடுக்கவில்லை. ராஜ வம்சமாகத்தான் இருக்கும்.

மே 8, வியாழன்
அந்தம்மா பேசுவதை அசிஸ்டென்ட் டைரக்டர் சுமித்ரா தமிழில் சொன்னது. மீன்பிடிக்கிற ஊராம். அப்பா படகுக்காரர். பதினேழு வயசில் நாடகத்தில் பார்த்துச் சினிமாவுக்குக் கூட்டிப்போனார்களாம். முப்பத்தொரு படம். பத்தொன்பதில் செத்துப்போகிற வேஷம். "எனக்குச் சாகத்தான் நல்லா வரும்"னு சிரிக்கிறாங்க. ஒன்பது வருசமா அங்கே யாரும் கூப்பிடலை. புருசன், பிள்ளை, கூடப்பிறந்தது — ஒருத்தரும் இல்லை.

டீக்கடையில் சொல்லும்போது படகைக் கப்பலாக்கினேன். பனிக்கரடி ஒன்றும் சேர்த்தேன், சின்ன வயசில் சவாரி போக. மிளகு விற்க வந்த பொம்பளைங்க கண்கலங்கிட்டாங்க.

மே 11, ஞாயிறு
மச்சான் தனசேகரன் கேட்கிறான்: "ரஷ்யாக்காரி உங்க ஊட்டுல வந்து களி திங்கப்போறாளாக்கும்?"

வர்ற ஞாயிறு வருவாங்க, வராட்டி பாதி மீசையை எடுத்துக்கறேன்னு சொல்லிட்டேன். ஏன் சொன்னேன்? நல்லவேளை, கூப்பிட்டதும் அவங்க சரின்னுட்டாங்க.

வரவேற்புக்கு நாமக்கல்லில் பேனர் சொல்லியாச்சு. பிறந்த வருசம், முப்பத்தொரு படம், பத்தொன்பதில் செத்தது, கரடி — எல்லாம் போனிலேயே.

மே 17, சனி
ஐயோ.

சனி, மத்தியானம்
விடியக்காலையில் கண்ணாடி போடாமல் பஸ் ஸ்டாப்பில் பேனரைக் கட்டினேன். எட்டு மணிக்குப் பார்த்தா மேலே 'கண்ணீர் அஞ்சலி'. ரெண்டு பக்கமும் குத்துவிளக்கு. கடைக்காரர் சொல்றார்: "பொறந்ததச் சொன்னீங்க, செத்ததச் சொன்னீங்க. வேற என்னங்க போடறது?"

பஸ்ஸை விட்டு இறங்கின பொம்பளைங்க ரோட்டிலேயே உட்கார்ந்துட்டாங்க. என் சம்சாரம் ஆத்தாயி மாரில் அடிச்சுக்கிட்டு, "கரடி மேல போன கண்ணே"ன்னு ஒப்பாரி. அந்த நேரம் பார்த்தா ஷூட்டிங்குக்குப் போற கம்பெனி வேனில் லுத்மிலா அம்மா வந்து இறங்கணும்?

தன் படத்தைப் பார்த்தாங்க. ஏற்கெனவே வெளுப்பு, இன்னும் வெளுத்துட்டாங்க. சுமித்ரா, "ஏனுங்க, சாபம் விடறீங்களான்னு கேக்கறாங்க. நாளைக்கு உங்க ஊட்டுக்கு வரமாட்டாங்களாம்" என்றது.

மீசையில் கை போனது. என் வாய் சும்மா இருக்குமா?

"நேத்து அவங்க தலையில காக்கா உக்காந்துச்சுங்க!"

காக்கா தலையைத் தொட்டா, ஆள் செத்துட்டதா சேதி விட்டுச் சொந்தக்காரங்களை அழவைப்போம், ஆயுசு கூடும், அதுக்குத்தான் பேனர் என்றேன். சுமித்ரா அதைச் சொன்னது. அந்தம்மா அழுகிறவங்களை ஒவ்வொருத்தரா பார்த்தாங்க. அப்புறம் ஒரே கேள்வி.

"சொந்தக்காரங்க அழணும்னா, இவங்க எனக்கு யாரு?"

நான் கண்ணாடியைக் கழற்றித் துடைச்சேன்.

ஆத்தாயிதான் மூக்கைச் சிந்திக்கிட்டு எழுந்தாள். "இந்த மனுசன் உனக்கு அண்ணன். நான் அண்ணன் பொண்டாட்டி. போதுமா சாமி? நாளைக்கு ஊட்டுக்கு வந்து சோறு தின்னு."

மே 18, ஞாயிறு
வந்தாங்க! மூணு உருண்டை களி. மச்சான் வாசலில் நின்னு எண்ணினான்.

போனபிறகு ஆத்தாயி கேட்டாள்: "காக்கா எந்தப் பக்கம் உக்காந்துச்சு?"

"இடப்பக்கம்."

"சுமித்ராகிட்ட வலப்பக்கம்னீங்க."

"ரெண்டு காக்கா."

ஆகஸ்ட் 3, ஞாயிறு
மகள் வித்யாஸ்ரீ கல்யாணப் பத்திரிகை அச்சாகி வந்து பத்து நாளாச்சு. அத்தை வரிசையில் முதல் பேர் லுத்மிலா. சுமித்ரா மூலமா ரஷ்யாவுக்கு அனுப்பியிருந்தோம். இன்றைக்குப் பதில் வந்தது. டிக்கெட் எடுத்தாச்சாம். அத்தை சீர் எத்தனை தட்டு கொண்டுவரணும்னு கேட்டிருக்காங்க.

ஆத்தாயி, "ஆளு வந்தாப் போதும்னு சொல்லுங்க" என்றாள்.

நான் இருபத்தொண்ணுன்னு போட்டுட்டேன்.