எட்டு வாய்தாவுக்கு வட்டி

அண்ணா,

நேற்று எங்கள் தெருச் சாக்கடையோரம் பிளீச்சிங் பவுடர் தூவிவிட்டுப் போனார்கள். எல்லோரும் மூக்கைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓட, நான் மட்டும் வாசலில் நின்று மோந்துகொண்டிருந்தேன். "ஏனுங் மாமா, ஒடம்புக்கு முடியலீங்களா?" என்று மருமகள் பதறிவிட்டாள். அவளுக்கு என்ன தெரியும், அது பனியன் துணி வெளுக்கும் உங்கள் சலவைப் பட்டறை வாசம். உங்கள் சட்டையிலும், நீங்கள் நீட்டிய காபி டம்ளரிலும், கடைசியில் எழுதிக் கொடுத்த தீர்ப்பிலும்கூட அதுதான் அடித்தது.

அந்தத் தீர்ப்பை நான் இன்னும் விடவில்லை.

எழுபதுகளின் தொடக்கம். பெருமாநல்லூர் சென்னியப்பன் என் பனியன் கம்பெனிக்குத் துணி பின்னிக் கொடுத்தார். துணியில் ஓட்டை என்று சொல்லி அவர் பணம் மொத்தத்தையும் நிறுத்தி வைத்தேன். ஓட்டை இருந்தது உண்மை. நான் போட்ட கூச்சல் அளவுக்கு இல்லை. என் ஆர்டர் தாளின் அடியில் பொடி எழுத்தில் இரண்டு நிபந்தனை அச்சடித்திருந்தேன். பணம் தாமதமானால் வட்டி கிடையாது. தகராறு வந்தால் இருவரும் ஒப்புக்கொள்ளும் மத்தியஸ்தர் சொல்வதே முடிவு. அவரும் கையெழுத்துப் போட்டிருந்தார். சட்டம் படிக்காத, இரண்டு பேருக்கும் உறவில்லாத ஆள் என்று உங்களிடம் வந்தோம்.

சென்னியப்பன் கடன் வாங்கி ஒரே ஒரு மெஷின் போட்டிருந்தார். அந்தக் கடனுக்கு வட்டி ஏறிக்கொண்டே இருந்தது. என் பணம் வராவிட்டால் மெஷின் கைமாறிவிடும் என்று உங்கள் முன்னால்தான் சொன்னார். எனக்கு என்ன? என் தாளில்தான் வட்டி கிடையாதே! ஞாயிற்றுக்கிழமைதோறும் பட்டறைக்கு வரச் சொன்னீர்கள். நானோ வாய்தா வாய்தாவாக வாங்கினேன். பல்லடத்தில் நடக்காத கல்யாணத்துக்கெல்லாம் போனேன். வராத காய்ச்சல் வந்தது. எட்டு வாய்தா. ஒவ்வொரு முறையும் "ஆகட்டுமுங்க" என்று மட்டும் சொல்லி, நோட்டில் எதையோ குறித்துக்கொள்வீர்கள்.

தீர்ப்பைப் பார்த்து எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஓட்டைத் துணிக்குக் கழித்தது போக மீதியைக் கொடுக்க வேண்டும். அது சரி. வழக்கு உங்களிடம் வந்த நாளிலிருந்து தீர்ப்பு நாள்வரை வட்டியும் கொடுக்க வேண்டுமாம்!

"வட்டி இல்லைன்னு எழுதியிருக்குதுங்களே!" என்று சண்டைக்கு வந்தேன்.

"அது நீங்க ரெண்டு பேரும் ஒருத்தருக்கொருத்தர் எழுதிக்கிட்டதுங்க. எங்கிட்ட வர்ற வரைக்கும் ஆன தாமதத்துக்கு ஒரு காசு போடல, பாருங்க. வந்தப்பறம் போன நாளு என்ர பொறுப்புங்க. என்ர கையைக் கட்டறதுக்கு அந்தத் தாள்ல ஒரு எழுத்தும் இல்லீங்களே."

நேராகக் கோயம்புத்தூர் வக்கீலிடம் ஓடினேன். "அப்பிடியும் வாதாடலாங்க, இப்பிடியும் வாதாடலாங்க. ஆனா வருசக்கணக்கா இழுக்கும்" என்றார். கோர்ட்டுக்குப் போகிறேன் என்று உங்கள் முகத்துக்கு நேரே சொல்லத் திரும்பி வந்தேன். உங்களுக்குக் கோபம் வரும் என்று பார்த்தால், முகம் மலர்ந்துவிட்டது.

"தாராளமாப் போடுங்க. நாஞ் செஞ்சது சட்டப்படி சரியான்னு எனக்கும் தெரிஞ்சுக்கோணுமுங்க."

"உங்களுக்கே தெரியாதுங்களா?"

"சத்தியமாத் தெரியாதுங்க. ஒண்ணு மட்டும் சொல்லிப்போட்டுப் போங்க. வட்டி உண்டுன்னு இருந்திருந்தா, எட்டு வாய்தா கேட்டிருப்பீங்களா?"

சைக்கிளை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். மறுநாள் பணத்தை வட்டியோடு கட்டினேன். சென்னியப்பன் மெஷின் தப்பியது.

அதற்குப் பிறகு கண்ட வக்கீலையெல்லாம் பிடித்து, நீங்கள் செய்தது சரியா என்று கேட்டேன். ஒருவர் தலையாட்டுவார், அடுத்தவர் உதட்டைப் பிதுக்குவார். போன மாதம் பேரனின் சிநேகிதன் ஒருவன், இளம் வக்கீல், சொன்னான்: இன்றைய சட்டத்தில் தாளில் வட்டி இல்லை என்று ஒப்புக்கொண்டிருந்தால் மத்தியஸ்தரும் அப்படி வட்டி போட முடியாதாம். அந்தக் காலத்துச் சட்டத்துக்கு என்ன பதில் என்றேன். அதற்கு இன்னும் வாதாடலாமாம்! எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. ஓடிவந்து உங்களிடம் சொல்ல வேண்டும் போலிருந்தது. நீங்கள் இல்லை என்பது அப்போதுதான் நெஞ்சில் உறைத்தது.

உங்கள் கேள்விக்குப் பதில் பாக்கி இருக்கிறது, அண்ணா. கேட்டிருக்க மாட்டேன். ஒரு வாய்தாகூடக் கேட்டிருக்க மாட்டேன். இன்னொன்றும் இருக்கிறது, இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. அந்த மெஷின் விலைக்கு வந்தால் நானே எடுத்துக்கொள்வதாக, சென்னியப்பனுக்குக் கடன் கொடுத்தவரிடம் ஆள் விட்டுச் சொல்லியிருந்தேன். சட்டம் எப்படியோ போகட்டும். நான் ஆள் விட்டது உங்களுக்குத் தெரிந்துதான் வட்டி போட்டீர்களா? இத்தனை வருஷமாக எனக்குத் தெரிந்துகொள்ள வேண்டியிருப்பது அது ஒன்றுதான்.