கரடியின் பச்சைக் கையுறை

அக்டோபர் 7, 1940. திங்கள்

வெல்மாவின் மேசையில் காய்ந்துகொண்டிருந்த கரடிக்கு வலது கையில் பச்சைக் கையுறை. என் கரடிக்கு இடது கையில்.

எங்கள் கார்ட்டூன் படத்தில் இரண்டும் ஒரே காட்சிதான். பனிச்சறுக்கு கற்கப்போன கரடி மலையிலிருந்து உருண்டு விழுகிறது. முதல் நாற்பது செல்லுலாய்ட் தாள்களுக்கு நான் வண்ணம் பூசினேன். அதற்கு மேல் வெல்மாவின் வரிசைப் பெண்கள். இப்படியே படம் எடுத்தால் நடுவழியில் கையுறை கை மாறிவிடும்.

யார் தப்பு? நானாகத்தான் இருக்கும். வெள்ளிக்கிழமையோடு இந்த வேலையில் என் சோதனைக் காலம் முடிகிறது, இப்போதா இப்படி?

அக்டோபர் 8

நான் இல்லை!

தாளின் முன்பக்கம் மைக்கோடு, பின்பக்கம் வண்ணம். புரட்டி வைத்துப் பூசுவதால் எங்களுக்கு எல்லாம் இடம் வலம் மாறித்தான் தெரியும். சுவரில் மாட்டிய மாதிரிப் படமோ முன்பக்கமாக இருக்கிறது. கரடி நிற்கும்போது யாரும் தடுமாறுவதில்லை. காலும் பலகையும் பின்னிக்கொண்டு உருளும்போது, மாதிரியில் இருக்கிற பக்கத்திலேயே பூசிவிட்டார்கள். நான் ஒவ்வொரு தாளையும் ஜன்னலில் பிடித்து முன்பக்கமாகப் பார்த்துவிட்டுத்தான் பூசினேன்.

மூன்று மணித் தேநீரின்போது வெல்மாவிடம் சொன்னேன். பாதி அவளுக்குக் கேட்கவில்லை.

"கொஞ்சம் சத்தமாத்தான் பேசேன்டி! கையுறையா? அந்தக் கரடிக்கே எது இடது எது வலதுன்னு தெரியாது. உனக்கென்ன?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துத் தொலைத்தேன். ஏன் சிரித்தேன்?

அக்டோபர் 9

மேற்பார்வையாளர் மிஸ் டிரம்மண்ட் இரண்டு அடுக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். நேராக என்னிடம் வந்தார்.

"எட்டுப் பேர் ஒரு மாதிரி பூசியிருக்காங்க. நீ மட்டும் ஏம்மா வேற மாதிரி?"

"மிஸ், அவங்க—"

"எண்பது தாளை மாத்தச் சொல்றியா, நாப்பதை மாத்துறியா? நாளைக்குச் சாயந்தரம் கேமராவுக்குப் போகணும்."

"சரி, மிஸ்" என்றேன். சரியாம் சரி! பனிச்சறுக்கு வாத்தியார் பெங்குவின் கரடியின் இடது கையுறையைப் பிடித்து இழுத்து, அது கிழிந்து, தன் பச்சையைக் கழற்றிக் கொடுக்கிற காட்சியைப் போன வாரமே படம் எடுத்தாயிற்று. கிழிந்தது இடது, மாட்டியது வலதா? அந்த அறையில் யாரும் பனியைக் கண்ணால் பார்த்ததில்லை, சரி. கையைக்கூடவா பார்த்ததில்லை?

இதெல்லாம் வீட்டுக்கு வரும் பஸ்ஸில்தான் வாயில் வந்தது. அம்மாவிடம் சொன்னேன்.

"ஒன்பதாவதோட நின்னவளுக்கு இந்த மாதிரி வேலை இன்னொண்ணு கிடைக்குமா, ஓப்பல்? சொன்னதைச் செய்."

அக்டோபர் 10. காலை

பன்னிரண்டு துடைத்தாயிற்று. ஈரத்துணி பட்டதும் வண்ணம் அப்படியே வந்துவிடுகிறது. சரியாகப் பூசியதைத் துடைத்துத் தப்பாகப் பூசுகிறேன்.

அக்டோபர் 10. மாலை

முப்பத்தொன்பது முடிந்தது. நாற்பதாவதில் கரடி தலைகீழாக, இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நிற்கிறது. இடது கை பச்சை. துணியை நனைத்தேன், பிழிந்தேன், கீழே வைத்தேன்.

இதை வரைந்தவர் மிஸ்டர் ஹாஸ்கெல். எந்தக் கை என்று அவர்தான் சொல்ல வேண்டும். புல்வெளிக்கு அந்தப் பக்கக் கட்டடம். அங்கே ஆண்கள் மட்டும். எங்கள் பெண்கள் யாரும் போனதில்லை, போகக்கூடாது என்று முதல் நாளே சொன்னார்கள்.

வெல்மாவின் அடுக்கிலிருந்து நாற்பத்தொன்றை எடுத்தேன்.

"ஏய், எங்கடி கொண்டுபோறே?"

"மிஸ்டர் ஹாஸ்கெல்கிட்ட."

"நாளைக்கு உன் கடைசி நாள்னு முடிவு பண்ணிட்டியா? உள்ளயே விடமாட்டாங்க!"

தாளில் ரேகை படாமலிருக்க நாங்கள் போடும் துணிக் கையுறையைக் கழற்றாமலே இரண்டு தாளையும் ஓரத்தில் பிடித்துக்கொண்டேன். புல்வெளியைக் கடந்து, அந்தக் கதவைத் தட்டினேன்.