பச்சை சைக்கிளின் உயரம்

சாந்தோம்
பிப்ரவரி 2

என் அன்பு சோஃபிக்கு,

மரியே வாழ்க. நான் சுகம். நீயும் சுகமாக இருக்கிறாய் என்று நானாக நினைத்துக்கொள்கிறேன், வேறு வழி? உன் நவதுறவகத்தில் போனை வாங்கி வைத்துக்கொண்டு, மாதத்துக்கு ஒரு கடிதம் என்று ரேஷன் போட்டிருக்கிறார்கள். கன்னியாஸ்திரி ஆகப் பழகும் பெண் அம்மாவின் குரலைக் கேட்டால் என்ன கெட்டுவிடும் என்று உன் மதரிடம் கேட்டுச் சொல். நீ கேட்க மாட்டாய்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நம் வீட்டு வாசலில் சனிக்கிழமைதோறும் கூட்டம் கூடுகிறது. விடிந்தும் விடியாத நேரத்தில் ஹெல்மெட் போட்ட ஏழெட்டுப் பேர் சைக்கிளில் வந்து, நம் கேட்டுக்கு முன்னால் நின்று வீட்டையே பார்க்கிறார்கள். முதல் வாரம் யாரோ துக்கம் கேட்க வந்து வீடு மாறிவிட்டார்கள் என்று நினைத்தேன். அடுத்த வாரம் ஜன்னலுக்குப் பின்னால் நின்று கேட்டேன். மயிலாப்பூரைச் சுற்றிக் காட்டும் சைக்கிள் டூராம். கூட்டி வருகிற பெண்ணின் பெயர் தமிழ்மொழி. முப்பது வயதிருக்கும், கணீரென்ற குரல்.

"இது ஒரு போர்ச்சுகீஸ் கேப்டன் கட்ன வூடுன்னு சொல்றாங்க" என்றாள்.

எனக்குப் பொறுக்கவில்லை. நைட்டியோடு வெளியே போய்விட்டேன். "கேப்டனும் இல்ல, கப்பலும் இல்ல. என் மாமனார் கட்டினது. தபால் ஆபீஸ்ல வேலை பார்த்தார்" என்றேன். வந்தவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். அந்தப் பெண்ணும் சேர்ந்து சிரித்தாள். "சாரி ஆன்ட்டி, தப்பா சொல்லிக்கினு இருந்திருக்கேன். நீங்களும் ஒரு நாள் எங்களோட வாங்களேன்" என்றாள். கல்யாணத்துக்கு அப்புறம் நான் சைக்கிளே ஓட்டினதில்லை என்றேன். வராந்தாவில் நிற்கிற பச்சை சைக்கிளைக் காட்டி, "அது யார்து?" என்று கேட்டாள்.

"என் பொண்ணோடது. அவ வருவா" என்றேன்.

ஆமாம், உன்னிடமும் சொல்லிவிடுகிறேன். உன் சைக்கிளை மாதாமாதம் துடைத்து எண்ணெய் விடுகிறேன். சீட்டுக்கு உறை தைத்துப் போட்டிருக்கிறேன். கேட்டவர்கள் யாருக்கும் கொடுக்கவில்லை. மே 31 வரைக்கும் நீ மனம் மாறிப் பெட்டியோடு கிளம்பி வரலாம் என்று உன் மதரே என்னிடம் சொன்னார்கள். நான் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருக்கிறேன்.

உன் அம்மா,
கிளாடிஸ்

நவதுறவகம், திண்டுக்கல்
பிப்ரவரி 16

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் கடிதத்தைச் சாப்பாட்டு அறையில் பிரித்துவிட்டேன். அங்கே பேசக் கூடாத நேரம். கேப்டன் வீடு என்று படித்ததும் சிரிப்பை அடக்க முடியாமல் ரசம் மூக்கில் ஏறிவிட்டது. மதர் கடிதத்தை வாங்கிப் படித்தார்கள். நைட்டி என்ற இடத்தில் அவர்களும் சிரித்துவிட்டார்கள்.

அம்மா, டூருக்குப் போங்கள். அந்த சைக்கிளிலேயே போங்கள். துடைத்துத் துடைத்து வைப்பதற்கு அது என்ன பீடத்துப் பாத்திரமா?

இன்னொன்று. மே 31 அன்று என் முதல் வார்த்தைப்பாடு, கன்னியாஸ்திரியாக வாக்குக் கொடுக்கும் நாள். அன்றைக்குப் பூசைக்கு முன்னால் ஒவ்வொருத்தியின் பெற்றோரும் மகளின் நெற்றியில் சிலுவை போட்டு, கையைப் பிடித்து பீடம் வரைக்கும் கூட்டிப்போய் விடுவார்கள். அப்பா இருந்திருந்தால் அவர் வந்திருப்பார். இப்போது எனக்கு நீங்கள் ஒருவர்தான். நீங்கள் வரமாட்டேன் என்று சொன்னது நினைவிருக்கிறது. என் பெயருக்கு எதிரே உங்கள் பெயரைத்தான் கொடுத்திருக்கிறேன்.

உங்கள்
சோஃபியா

சாந்தோம்
மார்ச் 9

அன்பு சோஃபி,

போய்விட்டு வந்தேன்.

கையெழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள், இன்னும் விரல் சரியாக மடங்கவில்லை. ஹேண்டில்பாரை அவ்வளவு அழுத்திப் பிடித்திருந்தேன். வெள்ளிக்கிழமை சாயந்திரம் கச்சேரி ரோடு கரீமுல்லா பாய் கடைக்கு சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனேன். காற்றடித்து, பிரேக் கட்டை மாற்றினார். என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "சீட்டை எறக்கிடட்டுமா டீச்சர், உங்களுக்கு ஹைட்டா கீதே" என்றார். வேண்டாம் என்றேன். என் மகளுக்கு வைத்த உயரம், அப்படியே இருக்கட்டும் என்றேன்.

உனக்கு அப்பாவின் கால், எனக்கு என் கால். நடைபாதைக் கல்லில் ஏறி நின்றுதான் உட்கார்ந்தேன். உட்கார்ந்த பிறகு இரண்டு காலும் தரையில் படவில்லை. ஓடிக்கொண்டிருக்கும் வரைக்கும் ஒன்றும் தெரியவில்லை. நிற்கிற இடத்தில்தான் பாடு. நடைபாதை தேடுவேன், இல்லாவிட்டால் தமிழ்மொழியின் தோளைப் பிடித்துக்கொள்வேன்.

ஆனால் சோஃபி, அந்தக் காலை நேரத்தை உனக்கு எப்படிச் சொல்வேன். பிறந்ததிலிருந்து இந்தப் பக்கம்தான் குடியிருக்கிறேன். பள்ளிக்கூடம், கோயில், மார்க்கெட், இதை விட்டால் எனக்கு ஒன்றும் தெரியாது. கச்சேரி ரோட்டில் ஆட்டோ இல்லை, ஹாரன் இல்லை. நாட்டு மருந்துக்கடையை அப்போதுதான் திறந்தார்கள், சுக்கு வாசனை சைக்கிள் கூடவே வந்தது. மசூதி வாசலில் தொழுதுவிட்டு வந்த பெரியவர் ஒருவர் என்னைப் பார்த்து வழிவிட்டு ஒதுங்கி நின்றார். மெட்ரோக்காரர்கள் போட்ட தகரத் தடுப்பைச் சுற்றிச் சுற்றி சந்து சந்தாக நுழைந்து, திடீரென்று தெப்பக்குளத்தின் முன்னால் போய்ச் சேர்ந்தோம். தண்ணீரில் கோபுரம் தலைகீழாக நின்றது. நான் வாய்விட்டு "அம்மாடி" என்றேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள், பார்த்துவிட்டுப் போகட்டும்.

எங்கள் குழுவில் கஸ்தூரிரங்கன் என்று ஒருவர். வடக்கு மாட வீதியிலேயே பிறந்து வளர்ந்தவர். பேத்தி ஆன்லைனில் டிக்கெட் போட்டு அனுப்பிவிட்டாளாம். அவர் வீட்டு வாசலிலேயே நிறுத்தி தமிழ்மொழி வீட்டுத் தூண்களைப் பற்றிச் சொன்னாள். "எங்காத்து வாசல்லயே என்னை நிக்க வெச்சுண்டு, எனக்கே எங்காத்தைக் காட்றாளே" என்றார் மனிதர். சொல்லிவிட்டு ஒரு வார்த்தை விடாமல் கேட்டார். உள்ளே இருந்து அவர் மனைவி காபி கொண்டுவந்து எல்லோருக்கும் கொடுத்தார்.

கடைசியில் லஸ் கோயில். நான் ஞானஸ்நானம் எடுத்த கோயில், உன் அப்பாவும் நானும் கல்யாணம் பண்ணிக்கொண்ட கோயில். கடலில் திசை தெரியாமல் தவித்த போர்ச்சுகீஸ் மாலுமிகள் ஒரு வெளிச்சத்தைப் பார்த்துக் கரை சேர்ந்த கதையை அவள் சொல்லத் தொடங்கினாள். நான் குறுக்கே விழுந்து, அந்தக் காலத்தில் சுற்றிலும் காடாக இருந்ததால் இதற்குக் காட்டுக்கோயில் என்று பெயர் வந்ததையும், எங்கள் வீட்டுப் பெரியவர்கள் இன்னும் அப்படித்தான் சொல்வார்கள் என்பதையும் சொன்னேன். டீச்சர் குரல் தானாக வந்துவிட்டது. தமிழ்மொழி ஓரமாக உட்கார்ந்து கேட்டாள். "இனிமே இந்த ஸ்டாப் உங்க ஸ்டாப்பு ஆன்ட்டி" என்றாள்.

மே 31 பற்றி நீ எழுதியதைப் படித்தேன். பதில் சொல்ல எனக்கு இன்னும் மனம் வரவில்லை. இருக்கிற ஒரே பிள்ளையைக் கையைப் பிடித்துக் கொடுத்துவிட்டுத் தனியாக பஸ் ஏறு என்றால் எந்த அம்மாவால் முடியும்?

உன் அம்மா,
கிளாடிஸ்

நவதுறவகம், திண்டுக்கல்
மார்ச் 23

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று தோழிகளுக்குப் படித்துக் காட்டினேன். ஒருத்தி மயிலாப்பூரைப் பார்த்ததே இல்லை. கஸ்தூரிரங்கன் மாமா வீட்டுக் காபிக்காகவே வர வேண்டும் என்கிறாள்.

விடியற்காலையில் கிளம்பும்போது உங்களுக்கு என்னவோ செய்ததே, அதேதான் அம்மா எனக்கு இங்கே. முதல் மணி அடித்ததும் குளிர்ந்த தண்ணீரில் முகம் கழுவிக்கொண்டு சிற்றாலயத்துக்கு ஓடும்போது, இன்றைக்கு என்ன என்ன என்று இருக்கும். வீட்டை வெறுத்து வந்தேன் என்று நீங்கள் நினைக்கிறீர்கள். இல்லை.

சீட்டை இறக்குங்கள் அம்மா. கால் தரையில் படாமல் ஓட்டாதீர்கள். யாருக்காக அந்த உயரத்தில் வைத்திருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் கேட்கிறேன்.

உங்கள்
சோஃபியா

சாந்தோம்
ஏப்ரல் 6

சோஃபி,

நீ பயந்தபடியே விழுந்தேன். சந்தோஷம்தானே.

நேற்று சாமி அதிகார நந்தி வாகனத்தில் வீதி வரும் நாள். பங்குனித் திருவிழா நடக்கிறது, வீதிக்குள் சைக்கிள் விடமாட்டார்கள், முனையில் நின்று பார்க்கலாம் என்று தமிழ்மொழி முன்னாலேயே சொல்லியிருந்தாள். நானும் தவக்காலத்தில் சும்மா இருக்காமல் கிளம்பினேன். தெற்கு மாட வீதி முனைக்கு வந்தோம். மேளம் கேட்டது. திரும்பினால், தலைக்கு மேலே வெள்ளி மின்ன அந்தப் பெரிய நந்தி உருவம் கூட்டத்துக்கு நடுவில் ஆடி ஆடி வருகிறது. நான் வேதக்காரி, மாதா கோயிலுக்குப் போகிறவள், இருந்தாலும் உடம்பு சிலிர்த்துவிட்டது. வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டே வந்தவள் முன்னால் இருந்தவர்கள் நின்றதைக் கவனிக்கவில்லை. பிரேக்கைப் பிடித்தேன். காலை ஊன்றினேன். ஊன்ற அங்கே தரை இல்லை.

சைக்கிளோடு சாய்ந்து ஒரு பூக்காரம்மாவின் சாமந்திக் குவியலில் விழுந்தேன். தேவானை என்று பெயர். "இன்னாமா, சாமி பாக்க வந்தியா, என் பூ மேல படுக்க வந்தியா?" என்று கேட்டுக்கொண்டே என்னைத் தூக்கி உட்காரவைத்து, முழங்காலில் ரத்தத்தைத் தன் முந்தானையால் துடைத்தார். எலும்பு ஒன்றும் முறியவில்லை. தோல் உரிந்ததோடு சரி. என் தலையிலிருந்து சாமந்தி இதழ்களை, அன்றும் எங்களோடு வந்திருந்த கஸ்தூரிரங்கன் பொறுக்கி எடுத்தார்.

தமிழ்மொழிதான் முகம் மாறிவிட்டாள். அவளைக் கோபத்தில் அன்றுதான் பார்த்தேன். "நம்ம டூர்ல ஓட்றவங்க காலு தரையில படணும் ஆன்ட்டி, அதான் முதல் ரூலு. நீங்க ஆசையா கேட்டீங்கன்னு விட்டேன், என் தப்பு. சீட்டை எறக்காம அடுத்த சனிக்கிழமை வராதீங்க" என்றாள்.

"இது என் பொண்ணு சீட்டு" என்றேன்.

"ஓட்றது நீங்க தானே" என்றாள்.

எல்லோர் எதிரிலும் சொல்லிவிட்டாள். எனக்கு ஆத்திரமாக வந்தது. சைக்கிளைத் தள்ளிக்கொண்டே வீட்டுக்கு வந்துவிட்டேன். இனி நான் போகப்போவதில்லை. சீட்டை இறக்கவும் போவதில்லை. நீயும் அவளும் சேர்ந்து பேசிக்கொண்டீர்களா?

அம்மா

நவதுறவகம், திண்டுக்கல்
உயிர்ப்பு ஞாயிறு

அன்புள்ள அம்மாவுக்கு,

உயிர்ப்பு விழா வாழ்த்துகள். முழங்காலுக்கு மஞ்சள் போட்டீர்களா? பிடிவாதத்தில் மருந்தே போடாமல் விட்டிருப்பீர்கள், தெரியும்.

தமிழ்மொழியிடம் பேச எனக்குப் போன் ஏது? ஆனால் அவளைப் பார்க்க ஆசையாக இருக்கிறது.

மே முதல் வாரத்திலிருந்து வார்த்தைப்பாட்டுக்கு முந்தைய மௌன தியானம். அதற்குப் பிறகு நாங்கள் யாருக்கும் எழுத முடியாது. வருகிற கடிதத்தை மட்டும் கொடுப்பார்கள். அதனால் இதுதான் என் கடைசிக் கடிதம். இனி உங்களைக் கேட்கமாட்டேன் அம்மா. மே 31 காலையில் என் பக்கத்து இடம் காலியாக இருந்தாலும் நான் நடந்துவிடுவேன். காலியாக இருக்கக் கூடாது என்றுதான் மனசு அடித்துக்கொள்கிறது.

உங்கள்
சோஃபியா

சாந்தோம்
மே 18

என் செல்ல சோஃபிக்கு,

மரியே வாழ்க. உன்னால் பதில் எழுத முடியாது. நல்லதுதான், இந்த ஒரு தடவை நான் மட்டும் பேசிக்கொள்கிறேன்.

நான் சொன்னபடியே சனிக்கிழமைகளில் போகாமல் இருந்தேன். கதவைச் சாத்திக்கொண்டு படுத்திருப்பேன். சந்து முனையில் சைக்கிள் மணிகள் கேட்கும். நம் வாசலில் நிற்பார்கள். தமிழ்மொழி இப்போது, "இது தபால் ஆபீஸ்ல வேலை பாத்தவரு கட்ன வூடு, இங்க கிளாடிஸ் டீச்சர் இருக்காங்க" என்று சொல்கிறாள். கதவைத் தட்டுவதில்லை. போய்விடுவாள். நான் படுக்கையில் கிடந்து, இப்போது கச்சேரி ரோடு, இப்போது குளம், இப்போது லஸ், காட்டுக்கோயில் கதையை யார் சொல்கிறார்களோ என்று மனசாலேயே ஓட்டிக்கொண்டிருப்பேன்.

போன வெள்ளிக்கிழமை என்னால் முடியவில்லை. யாரும் வந்து கெஞ்சவில்லை, யாரும் புத்தி சொல்லவில்லை. எனக்குப் போக வேண்டும், அவ்வளவுதான். அவ்வளவு ஆசையாக எனக்கு எதுவும் வேண்டியிருந்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. வராந்தாவில் நின்று யோசித்தேன், இந்த வயதில் எனக்கே ஒரு சனிக்கிழமைக்கு இப்படி அடித்துக்கொள்கிறதே, என் பிள்ளைக்கு அவளுக்கு வேண்டியது எப்படி அடித்துக்கொண்டிருக்கும் என்று. உட்கார்ந்து ஒரு பாட்டம் அழுதேன். பிறகு முகம் கழுவிக்கொண்டு சைக்கிளைத் தள்ளிக்கொண்டு கரீமுல்லா பாய் கடைக்குப் போனேன்.

சீட்டுக் குழாய் துருப்பிடித்து இறுகிவிட்டது. எண்ணெய் விட்டு, சுத்தியால் தட்டி, இரண்டு பேர் பிடித்துத் திருகினார்கள். கிரீச்சென்று ஒரு சத்தத்தோடு இறங்கியது. எனக்குப் பல் கூசியது. பாய் என்னை உட்காரச் சொன்னார். உட்கார்ந்தேன். இரண்டு பாதமும் தரையில் பட்டது.

நேற்று போனேன். தமிழ்மொழி முதலில் என் காலைத்தான் பார்த்தாள். பிறகு என்னை வரிசையில் முன்னால் விட்டாள். தெற்கு மாட வீதியில் தேவானையம்மா, "வா டீச்சர், இன்னிக்கு நின்னுக்கினே பூ வாங்கிக்கோ" என்று கூப்பிட்டு, ஒரு முழம் மல்லிகையைக் கையில் வைத்தார். காட்டுக்கோயில் கதையை நான்தான் சொன்னேன். சொல்லி முடித்ததும், 31-ஆம் தேதி சனிக்கிழமை எனக்கு லீவு வேண்டும் என்று தமிழ்மொழியிடம் கேட்டேன். எதற்கு என்றாள். "என் பொண்ணைக் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போகணும்" என்றேன்.

முதல் நாளே திண்டுக்கல் வந்துவிடுவேன். உன் பக்கத்து இடம் காலியாக இருக்காது. நெற்றியில் நான்தான் சிலுவை போடுவேன், கொஞ்சம் குனி, எனக்கு எட்டாது. பீடத்துக்குப் போகும்போது உன் அப்பா மாதிரி எட்டிப் போட்டு நடக்காதே, என்னோடு சேர்ந்து மெதுவாக நட. அங்கே உன்னை விட்டுவிட்டு நான் அழுதாலும் நீ திரும்பிப் பார்க்க வேண்டாம்.

பச்சை சைக்கிளுக்குப் புதுக் கூடை போட்டாகிவிட்டது. சீட்டு இப்போது என் உயரத்துக்கு இருக்கிறது. நீ என்றைக்காவது விடுமுறைக்கு வந்து ஓட்டிப் பார்த்தால் முழங்கால் ஹேண்டில்பாரில் இடிக்கும். இடித்தால் இடிக்கட்டும்.

உன் அம்மா,
கிளாடிஸ்